கூரையைப் பார்த்து நின்ற குமரேசன்

குமரேசன் வலது கைக் குச்சியைத் தலைக்கு மேலே தூக்கிப் பிடித்துக்கொண்டு கூரையைப் பார்த்தான். பார்த்துக்கொண்டே இருந்தான்.

கூரையில் மின்விசிறிகள் சுற்றிக்கொண்டிருந்தன. நாகர்கோவிலில் ஒரு கல்லூரியின் ஆண்டு விழா. பங்குனி மாதத்து வெக்கை. முன்வரிசைக்காரர்கள் அழைப்பிதழை மடித்து விசிறிக்கொண்டிருந்தார்கள். மேடையில் நாங்கள் மூன்று பேர். கிடாரோடு நான், ரசல். பாஸ் கிடாரைத் தோளில் மாட்டிக்கொண்டு மைக்குக்கு முன்னால் என் சித்தி மகள் மெர்லின். பின்னால் டிரம்ஸில் குமரேசன்.

பாட்டின் கடைசி வரிக்கு முன்னால் ஓர் இடைவெளி வரும். மூன்று பேரும் நிறுத்துவோம். குமரேசன் குச்சியைத் தூக்குவான். அவன் குச்சி இறங்கும்போது நாங்களும் கூடவே இறங்குவோம். மெர்லின் கடைசி வரியைப் பாடுவாள். பழகிப் பழகிக் கைக்குள் வந்துவிட்ட காரியம்.

அன்றைக்குக் குச்சி இறங்கவில்லை.

என் விரல் தந்திக்கு மேலே நின்று வியர்த்தது. நான் சாதாரணமாகவே எதற்கும் பயப்படுகிற ஆள். இந்தத் தொடரை வாசித்துவருகிறவர்களுக்கு அது இதற்குள் தெரிந்திருக்கும். ஆனால் அந்தப் பயம் வேறு மாதிரி. திரும்பி அவனைப் பார்த்தேன், அவன் என்னைப் பார்க்கவில்லை.

"லேய், கரண்டு போச்சா?" என்று கூட்டத்தில் ஒரு குரல்.

"கரண்டு இருக்குலேய், டிரம்ஸ்காரன் ஒறங்கீட்டான்!"

அரங்கம் முழுக்கச் சிரிப்பு. பாட்டு முடிந்துவிட்டது என்று நினைத்து யாரோ கைதட்ட, மற்றவர்களும் தட்டிவிட்டார்கள். தொகுத்து வழங்கிய பெண் ஓடிவந்து மைக்கைப் பிடித்தாள். "அருமையான பாடல். அடுத்து வருவது நம் மாணவிகளின் குழு நடனம்!"

கடைசி வரி மெர்லினின் வாய்க்குள்ளேயே இருந்துவிட்டது. இன்றுவரை எந்த மேடையும் அந்த வரியைக் கேட்டதில்லை.

குமரேசன் ஏன் கூரையைப் பார்த்தான் என்று சொல்ல வேண்டுமானால் ரப்பர் மரத்திலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

மழை லீவு

குமரேசன் பால் வெட்டுகிறவன். எங்கள் மேற்குப் பக்கத்தில் ரப்பர் மரத்தைக் கீறிப் பால் எடுப்பதை அப்படித்தான் சொல்வோம். வெளுக்கும் முன்பே நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு தோட்டத்தில் ஏறிவிடுவான். மரம் மரமாகப் பட்டையைக் கீறி, பால் வடியத் தேங்காய்ச் சிரட்டையைப் பொருத்தி, பிறகு பால் எடுத்து, உறைய வைத்து, மெஷினில் கொடுத்து ஷீட்டாக அடிப்பது வரை அவன் வேலை. முடியும்போது மத்தியானம். அதற்குப் பிறகு சாப்பிட்டால் கண் தானாகச் சொருகும். சாயங்காலம் டிரம்ஸ் முன்னால் உட்கார வைத்தால் கை அசையும், ஆள் தூங்கிக்கொண்டிருப்பான்.

அவன் விழித்திருந்து, வேலையும் இல்லாமல் இருக்கிற நேரம் ஒன்றே ஒன்றுதான். மழைக் காலை.

மழை பெய்தால் பால் வெட்ட முடியாது. பட்டை நனைந்துவிடும், சிரட்டையில் பாலுக்குப் பதில் வெள்ளம் நிறையும். தண்ணீரை நாங்கள் வெள்ளம் என்போம். அன்றைக்குத் தோட்டம் முழுக்க லீவு. ஊரில் மற்றவர்கள் வானம் கறுத்தால் துணி எடுக்க ஓடுவார்கள். நாங்கள் மூன்று பேரும் வாத்தியம் எடுக்க ஓடுவோம்.

அப்படித்தான் எங்கள் பயிற்சி மழைக் காலைகளில் மட்டும் நடந்தது. இடம், மெர்லினின் பெரியப்பா தோட்டத்தில் ஷீட் அடிக்கிற ஷெட். நாலு பக்கமும் அரைச்சுவர், மேலே தகரம். ஒரு மூலையில் ஷீட் மெஷின், இன்னொரு மூலையில் பிரிந்துபோன ஒரு பாடகர் குழுவிடமிருந்து கிடைத்த பழைய டிரம்ஸ். புளித்த பாலும் ஆசிடும் கலந்த ஒரு நாற்றம். முதல் நாள் மூக்கைப் பொத்தினோம். இப்போது அந்த நாற்றம் எங்காவது வந்தால் என் இடது கை விரல்கள் தானாக மடங்குகின்றன.

ஈரத் தரை, தகரக் கூரை, இடி, மின்சாரக் கிடார். என்னைப் போன்ற ஆள் எப்படி நிம்மதியாக இருப்பான்? நான் காய்ந்த ரப்பர் ஷீட்டுகளை ஒன்றின் மேல் ஒன்றாக அடுக்கி அதன் மேல் ஏறி நின்றுதான் வாசிப்பேன்.

"எண்ணே, அதுக்கு மேல நின்னா சிலை மாதிரி இருக்கீங்க. மாலை போடவா?" என்பாள் மெர்லின்.

"இடி விழுந்தா மாலையத்தான் போடணும்" என்பான் குமரேசன், நெற்றியில் நாமத்தோடு, வெறுங்காலோடு, ஒரு கவலையும் இல்லாமல்.

மெல்லச் சொன்னதைக் கத்தி வாசித்தவள்

ராக் இசைக்காரர்களைப் பேட்டி எடுக்கிறவர்கள் தவறாமல் கேட்கிற கேள்வி ஒன்று உண்டு. உங்கள் பாட்டு எங்கிருந்து வருகிறது? மற்ற குழுக்காரர்கள் வலி, கோபம், தேடல் என்று அழகாகச் சொல்வார்கள். எங்கள் பாடல்கள் இரண்டு மூன்று இணையத்தில் கொஞ்சம் ஓடிய பிறகு என்னையும் கேட்டார்கள். "கிளை நூலகத்திலிருந்து" என்றேன். ஜோக் அடிக்கிறேன் என்று நினைத்துச் சிரித்தார்கள்.

உண்மை அதுதான். நான் ஒன்பதாம் வகுப்போடு நின்றவன். தமிழ் வகுப்பில் எழுந்து நின்று உரக்க வாசிக்கச் சொல்வார்கள். என் முறை எப்போது வரும் என்று முந்தைய நாளே கணக்குப் போட்டு வயிற்றுவலி வந்துவிடும். வயிற்றுவலி அதிகமாகி, போகாத நாட்கள் அதிகமாகி, ஒரு நாள் மார்த்தாண்டத்தில் ஒரு மைக் செட் கடையில் வயர் சுருட்ட உட்கார்ந்துவிட்டேன். ஈயம் வைத்து ஒட்டப் பழகினேன். கிடார் அங்கேதான் கையில் ஏறியது. புத்தகம் மட்டும் ஏறவில்லை. எழுத்துகள் தெரியும். வரி வரியாகப் போகும்போது நெஞ்சு அடிக்கும், அவ்வளவுதான்.

மெர்லின் அச்சகத்தில் வேலை செய்கிறவள். கல்யாணப் பத்திரிகையும் கண்ணீர் அஞ்சலியும் மாறி மாறி டைப் அடித்துவிட்டு, போகிற வழியில் நூலகத்தில் ஏறி நாவல் எடுத்து வருவாள். மழைக் காலையில் நாங்கள் ஷெட்டுக்குப் போய்ச் சேர்வதற்கும் கரண்டு போவதற்கும் சரியாக இருக்கும். கரண்டு வரும்வரை அவள் ஷீட் மெஷின் மேல் ஏறி உட்கார்ந்து நாவல் வாசிப்பாள். நாங்கள் கேட்போம்.

தகரத்தில் மழை கொட்டும்போது வாசிப்பது சின்ன வேலை இல்லை. தொண்டை கிழியக் கத்த வேண்டும். "'நான் உன்னை மறக்கவில்லை' என்று அவன் காதோடு முணுமுணுத்தான்" என்று புத்தகத்தில் இருக்கும். மெர்லின் அதைக் கழுத்து நரம்பு புடைக்கக் கத்துவாள். குமரேசன் விழுந்து விழுந்து சிரிப்பான்.

"ஏட்டி, காதோட சொன்னதாக்கும். களியக்காவிளை வரைக்கும் கேட்டிருக்கும்!"

எனக்குச் சிரிப்பு வரவில்லை. கையில் மயிர் சிலிர்த்தது. காதோடு சொல்ல வேண்டியதை இவ்வளவு சத்தமாகச் சொல்லும்போது அதில் ஏதோ ஒன்று உடைகிறது. அந்த உடைசல்தான் எனக்குக் கிடாரில் வேண்டியிருந்தது. அதுவரை ராக் என்றால் கோபமாகக் கத்துவது என்று நினைத்திருந்தேன். கோபத்தைக் கத்துவதில் என்ன இருக்கிறது, அதற்கென்றே இருக்கிற சத்தம்தானே? மெதுவாகச் சொல்ல வேண்டியதை, மழைக்கு மேலே கேட்பதற்காக, வேறு வழியில்லாமல் உரக்கச் சொல்வது. எங்கள் பாட்டெல்லாம் அதுதான். அதை எனக்குச் சொல்லித்தந்தது ஒரு தகரக் கூரை.

அவள் வாசிக்கும்போது நான் கிடாரைச் சும்மா மடியில் வைத்துக்கொண்டு வாக்கியம் எங்கே மூச்சு விடுகிறது, எங்கே இறங்குகிறது என்று விரலால் தொட்டுக்கொண்டே போவேன். கரண்டு வந்ததும் அந்த விரல் போன வழியைச் சத்தமாக வாசித்துப் பார்ப்பேன். பாதி நாள் ஒன்றும் தேறாது. ஒரு நாள் ஏதோ ஒன்று மாட்டும்.

திறந்ததா, திறக்கவில்லையா?

அப்படி மாட்டியதுதான் 'கதவு'.

நாவலின் பெயர் மறந்துவிட்டது. கேட்டால் மெர்லினுக்கும் ஓர்மை இல்லை. அண்ணனோடு சண்டை போட்டுவிட்டுப் போன ஒரு பெண், பல வருஷம் கழித்து அவன் வீட்டு வாசலில் வந்து நிற்கிறாள். உள்ளே விளக்கு எரிகிறது. தட்டுகிறாள். அத்தோடு அத்தியாயம் முடிகிறது. அடுத்த அத்தியாயத்தில் அவளுக்கு முடி நரைத்திருக்கிறது, வேறு ஊரில் இருக்கிறாள். கதவைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை.

"பிறகு? கதவு தொறந்துதா?" என்றேன்.

"போடல எண்ணே."

"போடாம எப்பிடி இருக்கும்? இஞ்ச தா."

புத்தகத்தை வாங்கிப் பக்க எண்ணைப் பார்த்தேன். யாரோ பக்கத்தைக் கிழித்துவிட்டார்கள் என்றே நினைத்தேன். எதுவும் கிழியவில்லை. எண் ஒழுங்காக ஓடியது.

"ரசல் அண்ணனுக்கு இன்னைக்கு ஒறக்கம் போச்சு" என்றாள் மெர்லின். போகத்தான் செய்தது. அடுத்த மழைக் காலையிலும் அதையே கேட்டேன். "அண்ணன்காரன் வீட்டுல இருந்தானா, இல்லியா? வெளக்கு எரிஞ்சுதே?"

"எண்ணே, அவ கதவத் தட்டி ஒரு வாரம் ஆச்சு. நீங்க இன்னும் வாசல்லதான் நிக்கீங்க. கதை எழுதினவருக்கு அதுதான் வேணும்" என்றாள்.

நான் வாசலில் நிற்பது குமரேசனுக்கு ஏதோ பண்ணிவிட்டது போலிருக்கிறது. குச்சியால் டிரம்மின் விளிம்பில் ஒரே ஒரு தட்டு தட்டினான். கதவைத் தட்டுவதுபோல. பிறகு நிறுத்தினான். தகரத்தில் மழை மட்டும் பெய்தது. நாங்கள் மூன்று பேரும் அந்த மழையைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தோம்.

பாட்டு அங்கே பிறந்தது. மெர்லின் இரண்டு வரி சொன்னாள்.

*தட்டிவிட்டேன், கையை எடுக்கவில்லை.*
*உள்ளே விளக்கு, வெளியே நான்.*

அதற்குப் பிறகு அந்த இடைவெளி. அதற்குப் பிறகு கடைசி வரி.

*யாரென்று கேட்கவாவது வா.*

இடைவெளி எவ்வளவு நேரம் என்று நாங்கள் எண்ணியதே இல்லை. குமரேசன் குச்சியைத் தூக்கிக் கூரையைப் பார்ப்பான். மழை ஒரே மாதிரி பெய்வதில்லை. மேற்கே தோட்டத்து இலைகளில் ஒரு இரைச்சல் கிளம்பி, நெருங்கி, தகரத்தில் வந்து விழுந்து, தணியும். பிறகு அடுத்தது கிளம்பும். ஒன்று தணிந்து மற்றது வருவதற்கு நடுவே ஒரு சின்ன மூச்சு இருக்கும். அவன் குச்சி அந்த மூச்சில் இறங்கும். ஒரு நாள் சீக்கிரம், ஒரு நாள் வெகு நேரம். எந்த நாளும் தப்பியதில்லை.

டீக்கடையில் கிடைத்த பதில்

கல்லூரி விழா முடிந்து வடசேரி பஸ் ஸ்டாண்டில் டீ குடித்தோம். டிரம்ஸை ஒரு டெம்போவில் ஏற்றி அனுப்பியாயிற்று. குமரேசன்தான் ஆரம்பித்தான்.

"மழை எங்கடே?"

"என்ன மழை?"

"நான் நின்னேன்லா, மழை வரும்னு. ஃபேனுதான் சுத்துது."

மெர்லினுக்கு டீ புரையேறிவிட்டது. சிரித்தாள், இருமினாள், மறுபடி சிரித்தாள். எனக்கு மெதுவாகத்தான் விளங்கியது. எங்கள் குழுவில் மூன்று பேர் என்று நினைத்துக்கொண்டிருந்தோம். நாலு பேர். நாலாவது ஆளை ஷெட்டிலேயே விட்டுவிட்டு மேடை ஏறியிருக்கிறோம். மழை வாசிக்க வேண்டிய இடத்தில் நாங்கள் கையைக் கட்டிக்கொண்டு வழி விட்டிருக்கிறோம். அன்றைக்கு யாரும் வரவில்லை.

எண்ணிப் பழகிவிட்டால் என்ன என்று கேட்டேன். ஊர் திரும்பி ஷெட்டில் எட்டு எண்ணிப் பார்த்தோம். பன்னிரண்டு எண்ணிப் பார்த்தோம். பள்ளிக்கூடத்து மணி அடித்ததுபோல ஆகிவிட்டது. தட்டியவள் வாசலில் நிற்கவே இல்லை, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டாள்.

ஆகவே மேடையில் 'கதவு' வேண்டாம் என்று முடிவு செய்தோம். மழைக் காலையில் மட்டும் எங்களுக்காக நாங்கள் வாசித்துக்கொள்வது. எனக்கு அது போதுமாக இருந்தது. நாள் இருக்கிறதே, எங்கே போகப்போகிறது என்று இருந்துவிட்டேன். எல்லாவற்றுக்கும் கவலைப்படுகிற நான் கவலைப்படாமல் விட்டது அந்த ஒன்றைத்தான்.

மரத்துக்குப் பாவாடை

மெர்லினின் பெரியப்பா ஒரு வருஷம் மரங்களுக்கெல்லாம் பிளாஸ்டிக் பாவாடை கட்டினார். வெட்டுகிற இடத்துக்கு மேலே மரத்தைச் சுற்றி ஒட்டிவிட்டால் மழை வெள்ளம் பட்டையில் இறங்காது. மழையிலும் பால் வெட்டலாம். சுற்று வட்டாரத்தில் எல்லோரும் செய்ததுதான். அவரைக் குறை சொல்ல ஒன்றும் இல்லை.

மழை லீவு போயிற்று. ஷெட்டில் நானும் மெர்லினும் இருப்போம். கண்ணுக்கு எட்டுகிற தூரத்தில் மரங்களுக்கு நடுவே தலையில் சாக்கைக் கவிழ்த்துக்கொண்டு குமரேசன் போவான், வருவான். தாளம் போட மாட்டான். கையை மட்டும் ஆட்டுவான்.

பிறகு அவன் தங்கச்சிக்குக் கல்யாணம் பேசினார்கள், குமரேசன் மஸ்கட்டுக்குப் போனான். ஏ.சி. காற்றுக் குழாய்க்குத் தகரம் மடக்குகிற வேலை.

"அஞ்சாறு மாசத்துக்கு ஒருக்கத்தான் மழைய பாக்கேன்டே. அதும் ரோட்டுல தூசிய கழுவ மாட்டேங்கு" என்று போனில் சொன்னான். "தகரம் மட்டும் நாள் பூரா கையில. தலைக்கு மேல ஒண்ணும் விழல."

இரண்டு தடவை லீவில் வந்தான். இரண்டு தடவையும் மாசி, பங்குனி. வானம் பித்தளைத் தட்டு மாதிரி. இரண்டாம் தடவை எனக்கு ஒரு யோசனை வந்தது. கிணற்று மோட்டாரைப் போட்டு, நீளக் குழாயை ஏணி வழியாகத் தகரத்தின் மேல் ஏற்றி, நுனியில் ஓட்டை போட்ட டின் ஒன்றைக் கட்டித் திறந்துவிட்டேன். குமரேசன் டிரம்ஸ் முன்னால் உட்கார்ந்து மேலே பார்த்தான்.

"இது மழையில்லடே. மாடு மோளுது."

மெர்லின் சிரித்துச் சிரித்துத் தரையில் உட்கார்ந்துவிட்டாள். கிணற்று வெள்ளத்தைத் தகரத்தில் ஊற்றுகிறான் என்று பெரியப்பா என்னைத் தேடி வந்தார். நாங்கள் மூன்று பேரும் ஓடினோம். சிரித்துக்கொண்டே ஓடிய அந்த ஓட்டம்தான் அவன் லீவில் எனக்கு மிஞ்சியது. கடைசி வரி அப்போதும் வரவில்லை.

"கேப் எத்தனை?"

இந்த மழைக்காலம் ஆரம்பிக்கிற சமயத்தில் திருவனந்தபுரத்தில் ஒரு ஸ்டூடியோக்காரர் எங்களைக் கூப்பிட்டார். நல்ல மனுஷர். சின்னக் குழுக்களின் பாடல்களைத் தொகுத்து ஒரு ஆல்பம் போடுகிறார். ஷெட்டில் என் போனில் எடுத்த 'கதவு' எப்படியோ அவர் காதுக்குப் போயிருந்தது. மழைச் சத்தத்தில் பாதி பாட்டு கேட்காது. ஆனால் அவருக்குப் பிடித்துவிட்டது.

"டிரம்மர் நம்மகிட்ட இருக்கான். நல்ல பையன். அந்த கேப் எத்தனை பார், எத்தனை தாளக்கட்டுன்னு மட்டும் சொல்லுங்க" என்றார்.

தெரியாது என்றேன்.

"சரி, மழைதானே வேணும்? மழைச் சத்தம் நிறைய வச்சிருக்கேன்." கம்ப்யூட்டரில் போட்டுக் காட்டினார். காட்டு மழை, நகர மழை, கண்ணாடியில் விழும் மழை. எல்லாம் சுத்தமாக இருந்தது. எந்த மழையும் எங்கிருந்தும் வரவில்லை, எங்கும் போகவும் இல்லை. ஒரே இடத்தில் நின்று பெய்தது.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்குள் முடிவு சொல்லச் சொன்னார்.

அந்த வாரம் நான் பட்ட பாடு. வேண்டாம் என்று சொன்னால் இன்னொருவர் கூப்பிடுவாரா? எங்கள் வயதில், எங்கள் ஊரில் இருந்துகொண்டு? சரி என்று சொன்னால், ஒரு நாள் மஸ்கட்டில் தன் கட்டிலில் படுத்துக்கொண்டு குமரேசன் போனைத் திறப்பான். அவன் தட்டிய கதவை வேறு யாரோ தட்டுவதைக் கேட்பான். அடுத்த லீவை ஆனி மாதத்தில் கேட்டிருப்பதாகச் சொல்லியிருந்தான். கிடைக்குமா என்று தெரியாது. கிடைத்தாலும் அன்றைக்கு மழை பெய்ய வேண்டும்.

மெர்லினிடம் கேட்டேன். "அவன்கிட்டயே கேளுங்க. வெள்ளிக்கிழமை அங்க அவனுக்கு லீவுதானே" என்றாள்.

வெள்ளிக்கிழமை

விடியும்போதே வானம் இடிந்து விழுந்தது. நானும் மெர்லினும் ஷெட்டுக்குப் போய்ச் சேர்ந்தோம், கரண்டு போயிற்று. மின்சாரக் கிடாரைப் பையிலேயே வைத்துவிட்டுச் சாதாரணக் கிடாரை எடுத்தேன். போனை ஷீட் மெஷின் மேல் நிறுத்தி மஸ்கட்டைக் கூப்பிட்டேன். ஸ்டூடியோ விஷயம் முழுவதும் சொன்னேன்.

"எடுங்கடே" என்றான் குமரேசன். "நான் இல்லேன்னு பாட்டக் கட்டிப்போட முடியுமா? எடுத்துட்டு எனக்கு அனுப்பு. கேக்கேன்."

சொன்னது சரிதான். சொன்ன வேகம் சரியில்லை. பாடம் ஒப்பிக்கிற வேகம்.

"அங்க இப்ப மழையா?" என்று கேட்டான். "மெர்லின் குரல் ஒசத்திப் பேசுகா. அதான் கேட்டேன்."

"பொத்துக்கிட்டு ஊத்துது மக்கா. கேக்கலியா?"

"இல்லியே."

போனை எடுத்துத் தகரத்துக்கு நேராகத் தூக்கிப் பிடித்தேன். "இப்ப?"

"நீ பேசுகது மட்டும் கேக்கு. கிணத்துக்குள்ள இருந்து பேசுக மாதிரி."

எனக்கு அப்போதுதான் உறைத்தது. மைக் செட் கடையில் இருந்தவனுக்கு முதலிலேயே தெரிந்திருக்க வேண்டும். கூப்பிட்டுப் பேசும்போது இந்தப் போன்கள் பேச்சை மட்டும் எடுத்துக்கொண்டு பின்னால் ஒரே சீராகக் கேட்கிற இரைச்சலைத் துடைத்துப் போட்டுவிடும். அதற்கு மழை வெறும் இரைச்சல். எங்கள் நாலாவது ஆளை அது வாசலிலேயே நிறுத்திவிட்டது. அரைச்சுவருக்கு வெளியே கையை நீட்டிப் பிடித்தேன், போன் நனைந்துபோகும் என்ற பயம்கூட இல்லாமல். "இல்லடே" என்றான். "சரி விடு. நல்லா பெய்யுதா?"

"நல்லா."

"மேக்கேருந்தா?"

"மேக்கேருந்துதான்."

பிறகு, "பாடுங்கடே" என்றான்.

போனை மறுபடி மெஷின் மேல் வைத்தேன். வாசித்தேன். மெர்லின் பாடினாள். கிடார் அறுந்து அறுந்துதான் அங்கே போயிருக்கும், அவள் குரல் போயிருக்கும். *தட்டிவிட்டேன், கையை எடுக்கவில்லை. உள்ளே விளக்கு, வெளியே நான்.*

நிறுத்தினோம்.

அங்கே அவனுக்கு ஒன்றுமே கேட்டிருக்காது. எங்களுக்கு மழை. ஒரு இரைச்சல் வந்து தகரத்தில் விழுந்து தணிந்தது. நான் காத்திருந்தேன். போனில் சத்தம் இல்லை. இன்னொன்று வந்து தணிந்தது. லைன் கட் ஆகிவிட்டதோ? கையை எடுத்தால் தந்தி அதிரும் என்று அசையாமல் நின்றேன். போன் 'டிக் டிக்' என்றது. வேறு யாரோ கூப்பிடுகிறார்கள். திரையில் ஸ்டூடியோக்காரரின் பெயர். பத்து மணி ஆகிவிட்டது.

என் வாழ்க்கையில் போன் அடித்து எடுக்காமல் இருந்ததில்லை. தெரியாத எண் என்றாலும், என்னவோ ஏதோ என்று எடுத்துவிடுவேன். மெர்லின் என்னைப் பார்த்தாள். நான் கையைத் தந்தியிலிருந்து எடுக்கவில்லை. பெயர் மின்னியது, மின்னியது, நின்றது.

சாயங்காலம் அவரை நானே கூப்பிட்டேன். எங்கள் ஆள் வந்த பிறகு எடுத்துக்கொள்கிறோம் என்றேன். "ஆல்பம் காத்திருக்காதே" என்றார், வருத்தமாக. தெரியும் என்றேன். அது சாயங்காலம்.

ஷெட்டில் நாங்கள் இன்னும் நின்றுகொண்டிருந்தோம். மழை மெலிந்தது. தகரத்தில் கடைசி இரைச்சல் கிழக்கே நகர்ந்து போவது கேட்டது. பிறகு கூரை விளிம்பிலிருந்து சொட்டுகிற சத்தம் மட்டும். பிறகு அதுவும் இடைவெளி விட்டு விட்டு. எங்கள் மழை நின்றுவிட்டது. குமரேசனின் மழை நிற்கவில்லை. அங்கே, எதுவும் கேட்காத ஓர் அறையில், அவனுக்கு அது இன்னும் பெய்துகொண்டிருந்தது. அவன் கையைத் தூக்கிக்கொண்டு எந்தக் கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தானோ.

போனிலிருந்து ஒரே ஒரு தட்டு கேட்டது. இரும்புக் கட்டிலில் மோதிரம் பட்டதுபோல.

நானும் மெர்லினும் ஒருவரை ஒருவர் பார்க்கவில்லை. சேர்ந்து இறங்கினோம். *யாரென்று கேட்கவாவது வா* என்று அவள் பாடினாள். இந்தத் தடவை கத்த வேண்டியிருக்கவில்லை. மெதுவாகவே பாடினாள்.

"கரெக்டா வந்துதாடே?" என்று கேட்டான்.

"வந்துது மக்கா" என்றேன். "கரெக்டா வந்துது."

"இப்ப மழை எப்பிடி?"

வெளியே பார்த்தேன். ரப்பர் இலைகளில் வெயில் விழுந்து ஒவ்வொரு இலையும் தனித்தனியாக மின்னியது.

மெர்லின் போன் பக்கம் குனிந்தாள்.

"நல்லா பெய்யுது" என்றாள்.